ரயில் வராத ரயிலடி

மயிலாடுதுறையிலிருந்து தரங்கம்பாடிக்கு பஸ்ஸில் போனால் ஏறத்தாழ முப்பது கிலோமீட்டர். செம்பனார்கோவில், ஆக்கூர், திருக்கடையூர், பொறையார் என்று வரிசையாக ஊர்கள் வரும். வழி நெடுக வயல்கள். கடைசியில் கடல். இந்த வழியில் ஒரு காலத்தில் ரயிலும் ஓடியது. 1926-ல் தொடங்கியது, 1986-ல் நின்றது. ஆக, அறுபது வருட ஓட்டம். மனிதர்களுக்கு அறுபது நிறைந்தால் திருக்கடையூர் அபிராமி சன்னதியில் மணிவிழா நடத்துகிறோம். அந்த ஊர் வழியாகவே ஓடிய ரயிலுக்கு அறுபதாவது வயதில் மூடுவிழா நடந்துவிட்டது.

டெல்டா மாவட்டங்களில் ரயில் நிலையத்தை 'ரயிலடி' என்பார்கள். தேர் நிற்கும் இடம் தேரடி என்பதைப் போல, ரயில் நிற்கும் இடம் ரயிலடி. இந்தத் தடத்தில் ரயில் போய் நாற்பது வருடத்தை நெருங்கினாலும், வயதானவர்களிடம் ரயிலடி எங்கே என்று கேட்டால் கை நீட்டிக் காட்டுவார்கள். அவர்கள் காட்டும் திசையில் சில ஊர்களில் இடிந்த கட்டடம் இருக்கும். சில ஊர்களில் கருவேலம் புதர்தான் இருக்கும்.

நாட்டில் மூடிப்போன ரயில் நிலையங்கள் எத்தனையோ உண்டு. இதைப் பற்றி விவசாயப் பத்திரிகையில் எழுதக் காரணம் இருக்கிறது. இது விவசாயிகள் கட்டிய வரியில் பிறந்த ரயில்வேயின் ஒரு கிளை. 

தம்பிடி தம்பிடியாகச் சேர்ந்த ரயில்வே

வெள்ளைக்காரர் காலத்தில் ரயில் பாதைகளைப் பெரும்பாலும் லண்டனில் பங்கு திரட்டிய கம்பெனிகள் போட்டன. போட்ட பணத்துக்கு அரசாங்கம் வட்டிக்கு உத்தரவாதம் கொடுத்தது. பாதையும் துறைமுகத்துக்கும் பெரிய பட்டணத்துக்குமே போனது. நாகப்பட்டினத்தையும் தஞ்சாவூரையும் இணைத்த பாதை 1861-ல் வந்தது. மாயவரம் வழியாகப் போகும் மெயின் லைன் 1877-ல் வந்தது. ஆனால் மெயின் லைனிலிருந்து விலகி இருந்த ஊர்களுக்கு மாட்டு வண்டிதான் கதி. மழைக்காலத்தில் களிமண் சாலையில் வண்டிச் சக்கரம் பாதி புதைந்துவிடும். விளைச்சல் இருந்தும் சந்தைக்குக் கொண்டுபோக வழி இல்லை.

அப்போது தஞ்சாவூர் மாவட்ட போர்டு ஒரு காரியம் செய்தது. சாலை, பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி ஆகியவற்றைப் பார்த்துக்கொள்ள நிலத்தின் பேரில் ஏற்கெனவே செஸ் வசூலித்து வந்தது. அதோடு சேர்த்து, ரயில் போடுவதற்கென்றே ரூபாய்க்கு 3 தம்பிடி கூடுதல் செஸ் விதித்தது. பழைய கணக்கில் 12 தம்பிடி ஓர் அணா, 16 அணா ஒரு ரூபாய். ரூபாய்க்கு 192 தம்பிடி என்றால், அதில் 3 தம்பிடி என்பது அறுபத்து நான்கில் ஒரு பங்கு. இன்றைய கணக்கில் நூறு ரூபாய்க்கு ஒன்றரை ரூபாய்க்குச் சற்று மேல். சின்னத் தொகைதான். ஆனால் தஞ்சாவூர் ஜில்லாவின் நஞ்சை முழுவதும் சேர்ந்து கட்டும்போது அது பெரிய முதலாகிவிட்டது.

அந்த முதலை வைத்து மாயவரத்திலிருந்து முத்துப்பேட்டை வரை 54 மைல் பாதை போட்டார்கள். 1894-ல் ரயில் ஓடத் தொடங்கியது. பின்னர் அதை அறந்தாங்கி வரை நீட்டினார்கள். பாதை போர்டுக்குச் சொந்தம், ரயிலை ஓட்டும் வேலை தென்னிந்திய ரயில்வே கம்பெனிக்கு. தஞ்சாவூரைப் பார்த்து மற்ற ஜில்லாக்களும் இறங்கின. போத்தனூரிலிருந்து பொள்ளாச்சிக்கு 1915-ல் வந்த பாதை கோயம்புத்தூர் மாவட்ட போர்டு போட்டது. திருநெல்வேலியிலிருந்து திருச்செந்தூருக்கு 1923-ல் வந்தது அந்த ஜில்லா போர்டின் பாதை. அந்த இரண்டு பாதைகளிலும் இன்றைக்கும் ரயில் ஓடுகிறது.

அந்த வரிசையில் 1926-ல் வந்ததுதான் மாயவரம் - தரங்கம்பாடி கிளைப் பாதை. மீட்டர் கேஜ், ஒற்றைத் தண்டவாளம்.

மாயவரம் முதல் கடல் வரை

இந்தத் தடத்தைத் தேடிப் போக விரும்புபவர்கள் மயிலாடுதுறை ஜங்ஷனிலிருந்து தொடங்கலாம். டவுன் ஸ்டேஷன், மன்னம்பந்தல், செம்பனார்கோவில், ஆக்கூர், திருக்கடையூர், தில்லையாடி, பொறையார், தரங்கம்பாடி என்று நிலையங்கள் இருந்தன. பெரும்பாலும் சாலையை ஒட்டியே பாதையும் போனது. பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே போனால் சில இடங்களில் அடையாளம் பிடித்துவிடலாம்.

அடையாளம் எப்படிப் பிடிப்பது? நம் வயல் வரப்பு வளைந்து நெளிந்துதான் போகும். வாய்க்கால் தண்ணீர் போகும் போக்கில் திரும்பும். ரயில் தடமோ நூல் பிடித்த மாதிரி நேராகப் போகும், திரும்பினாலும் மெதுவாக, அகலமாக வளையும். மழைத் தண்ணீர் நிற்காதிருக்க வயல் மட்டத்துக்கு மேலே மண் மேடு போட்டிருப்பார்கள். அந்த மேட்டுக்கு மண் எடுத்த பள்ளங்கள் பக்கத்தில் குட்டைகளாகக் கிடக்கும். வாய்க்கால் குறுக்கிடும் இடத்தில் செங்கல்லும் சுண்ணாம்பும் சேர்த்துக் கட்டிய சின்னப் பாலம் இருக்கும். தண்டவாளம் போனாலும், கட்டை போனாலும், ஜல்லியையே அள்ளிப் போனாலும், இந்த மேடும் பாலமும் காட்டிக்கொடுத்துவிடும்.

செம்பனார்கோவிலும் ஆக்கூரும் நெல் விளையும் ஊர்கள். காவிரிப் பாசனத்தின் கடைமடைப் பகுதி இங்கிருந்து தொடங்குகிறது. மேட்டூர் அணையை வழக்கமான தேதியான ஜூன் 12-ல் திறந்தாலும் தண்ணீர் இங்கே எட்டிப் பார்க்க நாளாகும். எட்டிப் பார்த்தால் குறுவை, பார்க்காவிட்டால் சம்பா மட்டும். தண்ணீர் கடைசியாக வந்து சேரும் ஊர்களுக்கு சாலையும் ரயிலும் மின்சாரமும் பொதுவாகக் கடைசியாகத்தான் வரும். 1926-ல் ஓர் உள்ளூர் போர்டு இந்தக் கடைமடைக்கு ரயிலைக் கொண்டுவந்தது லேசான விஷயம் அல்ல.

திருக்கடையூரைப் பற்றிச் சொல்லவேண்டியதில்லை. அறுபதாம் கல்யாணத்துக்கும் எண்பதாம் கல்யாணத்துக்கும் தமிழ்நாடு முழுவதிலிருந்தும் குடும்பம் குடும்பமாக வருகிறார்கள். இன்று வேனிலும் காரிலும் வருகிறார்கள். ரயிலில் வருபவர்கள் மயிலாடுதுறையில் இறங்கி பஸ் மாற வேண்டும். ஒரு காலத்தில் அம்பாள் ஊரிலேயே ரயில் நின்றது என்றால் இளைஞர்கள் நம்ப மாட்டார்கள்.

அடுத்தது தில்லையாடி. தென்னாப்பிரிக்காவில் காந்தி நடத்திய சத்தியாக்கிரகத்தில் சிறை போய், 1914-ல் பதினாறு வயதில் உயிர்விட்ட வள்ளியம்மையின் பூர்வீக ஊர். அவருக்கு இங்கே நினைவு மண்டபம் இருக்கிறது. காந்தி 1915-ல் இந்த ஊருக்கு வந்தார். அப்போது இந்த ரயில் இல்லை, அதற்கு 11 வருடம் கழித்துத்தான் வந்தது. தென்னாப்பிரிக்காவுக்கும் மற்ற நாடுகளுக்கும் பிழைக்கப் போன குடும்பங்கள் இந்தக் கடலோரப் பக்கத்தில் நிறைய.

பொறையாரைத் தாண்டினால் தரங்கம்பாடி. தஞ்சாவூர் ரகுநாத நாயக்கரிடம் ஒப்பந்தம் போட்டு 1620-ல் டேனிஷ்காரர்கள் கோட்டை கட்டிய ஊர். 1706-ல் இங்கு வந்து இறங்கிய சீகன்பால்குதான் அச்சுக்கூடம் வைத்து, தமிழில் புதிய ஏற்பாட்டை 1715-ல் அச்சிட்டு முடித்தவர். 1845-ல் டேனிஷ்காரர்கள் இந்த ஊரை ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டார்கள். பதினாறு வருடம் கழித்து நாகப்பட்டினத்துக்கு ரயில் வந்தது. சரக்கெல்லாம் அங்கே திரும்பியது. ரயில் எட்டிய துறைமுகம் பிழைத்தது, எட்டாத துறைமுகம் தேய்ந்தது. தரங்கம்பாடிக்கு ரயில் வந்தபோது துறைமுக வியாபாரம் போய் வெகுகாலமாகிவிட்டது. ஆனாலும் மீனும் உப்பும் நெல்லும் இருந்தன, பயணம் போக மனிதர்கள் இருந்தார்கள்.

ரயில் சுமந்தது என்ன?

இந்த மாதிரிக் கிளை ரயில்கள் வேகமாக ஓடியவை அல்ல. கரி எஞ்சின், சில பெட்டிகள், ஊருக்கு ஊர் நிறுத்தம். ஆனால் கிராமத்துக்கு அது செய்த வேலை பெரியது.

முதலில், கூடை ஏற்றும் வசதி. கடற்கரையிலிருந்து மீன் கூடையோடு கிளம்பும் பெண்களுக்கும், கத்தரிக்காய், கீரை, வாழை இலை கொண்டுபோகும் சிறு விவசாயிக்கும் ரயில் பெட்டியின் அகலமான வாசல் எவ்வளவு தோது என்று, பஸ்ஸில் கூடையை ஏற்றப் பார்த்து நடத்துநரிடம் திட்டு வாங்கியவர்களுக்குத் தெரியும். இரண்டாவது, பார்சல். விதை, மருந்து, இயந்திரத்தின் உதிரி பாகம் எதுவானாலும் ஊர் ரயிலடியிலேயே கையெழுத்துப் போட்டு எடுத்துக்கொள்ளலாம். மூன்றாவது, பள்ளிக்கூடம், கல்லூரி, கோர்ட், ஆஸ்பத்திரி என்று மாயவரம் போக வேண்டியவர்களுக்குக் குறைந்த செலவில் ஒரு போக்குவரத்து. நான்காவது, கடிகாரம். கையில் கடிகாரம் கட்டாத காலத்தில், காலை ரயில் போனதும் கஞ்சி, மாலை ரயில் வந்ததும் கரையேற்றம் என்று வயல் வேலைக்கு ரயிலே மணியடித்தது.

இவை எதுவும் டிக்கெட் கணக்கில் வராது.

ஏன் நிறுத்தினார்கள்?

இந்த இடத்தில் ரயில்வேயை மட்டும் திட்டிவிட்டுப் போவது நியாயமில்லை. இரண்டு பக்கமும் இருக்கிறது.

சுதந்திரத்துக்குப் பிறகு ரயில் கம்பெனிகள் ஒன்றாக்கப்பட்டு, 1951-ல் தெற்கு ரயில்வே உருவானது. ஊர்க்காரர்களின் போர்டு தொடங்கிவைத்த பாதையின் தலையெழுத்தைத் தீர்மானிக்கும் இடம் டெல்லிக்கும் சென்னைக்கும் போய்விட்டது. நாடு முழுவதும் ஆதாயமில்லாத கிளைப் பாதைகளை என்ன செய்வது என்று ஆராய 1969-ல் தனிக் குழுவே போட்டார்கள். அதே சமயத்தில் சாலைகள் தார் கண்டன. 1972-ல் கும்பகோணத்தைத் தலைமையிடமாகக் கொண்டு சோழன் போக்குவரத்துக் கழகம் வந்தது. கிராமத்துக்குள்ளேயே பஸ் வந்து நின்றது. ரயிலுக்குப் போக வேண்டுமானால் ரயிலடி வரை நடக்க வேண்டும், வந்த பிறகு காத்திருக்க வேண்டும். பஸ்ஸோ நாளுக்குப் பலமுறை வந்தது. அவசரக்காரர்கள் பஸ்ஸுக்கு மாறினார்கள். நெல் லாரிக்கு மாறியது. ரயிலில் கூட்டம் குறைந்தது. கூட்டம் குறைந்ததால் கவனிப்பு குறைந்தது. கவனிப்பு குறைந்ததால் இன்னும் கூட்டம் குறைந்தது. மூடியவர்கள் ரயில்வேகாரர்கள்தான் என்றாலும், அதற்கு முன்பே பாதிப் பேர் இறங்கிப் போயிருந்தார்கள்.

ஆனால் கணக்கு போட்ட முறையைப் பற்றி ஒன்று கேட்டாக வேண்டும். கிளைப் பாதையின் வரவையும் செலவையும் தனியாகப் பிரித்து வைத்துப் பார்த்தால் அது நஷ்டமாகத்தான் தெரியும். ஆக்கூரில் ஏறி மாயவரத்தில் மெயின் லைன் ரயில் மாறி மெட்ராஸ் போகிறவரின் பயணத்தில், கிளைப் பாதையின் பங்கு வெறும் சில மைல். மீதிப் பணம் மெயின் லைனின் வருமானம். ஆனால் கிளை இல்லாவிட்டால் அவர் மெயின் லைனுக்கே வந்திருக்க மாட்டார்.

நமக்குத் தெரிந்த விதத்தில் சொன்னால், வாய்க்காலில் நெல் விளைவதில்லை. தூர்வாரச் செலவு, மதகு பழுதுபார்க்கச் செலவு, ஆள் கூலி என்று வாய்க்காலுக்கு எழுதினால் செலவு மட்டும்தான் வரும், வரவு பூஜ்யம். அதற்காக வாய்க்காலைத் தூர்த்துவிட முடியுமா? வாய்க்காலின் கணக்கை வயலில் பார்க்க வேண்டும். கிளைப் பாதையின் கணக்கையும் அப்படித்தான், அது தொட்டுப் போன ஊர்களில் பார்த்திருக்க வேண்டும்.

1986-ல் ரயில் நின்றது. அடுத்த வருடம் பக்கத்திலுள்ள பேரளம் - காரைக்கால் பாதையும் நின்றது. கடலோரத்தின் இந்தத் துண்டு முழுவதும் தண்டவாளம் இல்லாத பகுதியாகிவிட்டது.

மூடிய பாதைகள் திறந்த கதை

போனது போனதுதான் என்று நினைப்பவர்கள் இரண்டு பக்கத்து ஊர்களைப் பார்க்க வேண்டும்.

முதலாவது மன்னார்குடி. நீடாமங்கலத்திலிருந்து அங்கே போகும் 14 கிலோமீட்டர் கிளைப் பாதை 1976-ல் மூடப்பட்டது. 35 வருடம் கழித்து, 2011 செப்டம்பரில் அகல ரயில் பாதையாக மீண்டும் திறந்தார்கள். இன்று மன்னார்குடியிலிருந்து சென்னைக்கு நேரடி எக்ஸ்பிரஸ் ஓடுகிறது. அதைவிட விவசாயிகளுக்கு முக்கியம் சரக்கு ரயில். நேரடி நெல் கொள்முதல் நிலையங்களில் வாங்கிய நெல், நீடாமங்கலம், மன்னார்குடி போன்ற நிலையங்களிலிருந்து அரவைக்காக வெளிமாவட்டங்களுக்கு ரயிலில் போகிறது. ஒரு ரயிலில் 2,000 டன் ஏற்றினால், 40 கிலோ மூட்டைக் கணக்கில் 50,000 மூட்டை. பத்து டன் லாரியில் இதே நெல் போக வேண்டுமானால் 200 லாரி வேண்டும். அறுவடை நேரத்தில் கொள்முதல் நிலைய வாசலில் மூட்டை தேங்கி, மேலே தார்ப்பாய் போட்டு, மழை வருமா வராதா என்று வானத்தைப் பார்த்துக்கொண்டு நின்றவர்களுக்கு இந்த எண்களின் அர்த்தம் புரியும்.

இரண்டாவது, பேரளம் - காரைக்கால். 1898-ல் திறந்து 1987-ல் மூடிய 23 கிலோமீட்டர் சொச்சம் பாதை. பல வருடக் கோரிக்கைக்குப் பிறகு அகலப் பாதையாகப் புதிதாகப் போட்டு, 2025-ல் சோதனை ஓட்டமும் நடந்தது.

இரண்டு ஊர்களுக்கும் பொதுவான ஒரு விஷயம், பழைய தடத்தின் நிலம். ரயில் போனாலும் நிலம் ரயில்வேயிடம் இருந்தது. ஆக்கிரமிப்பு இருந்த இடங்களை மீட்க வேண்டியிருந்தது உண்மை. ஆனால் முப்பது கிலோமீட்டருக்குப் புதிதாக நஞ்சை நிலம் எடுப்பதோடு ஒப்பிட்டால் அது சின்ன வேலை. பழைய தடம் கலைந்துபோனால், நாளைக்குப் புதிய பாதை நம் வயல் நடுவேதான் வரும். தடத்தைக் காப்பாற்றினால் வயலும் தப்பும்.

மயிலாடுதுறை 2020 டிசம்பரில் தனி மாவட்டமாகிவிட்டது. தரங்கம்பாடிக்கு ரயில் திரும்ப வேண்டும் என்ற கோரிக்கையும் தொடர்ந்து எழுந்துகொண்டுதான் இருக்கிறது. ஒன்றையும் நினைவில் வைக்க வேண்டும். பழையது மீட்டர் கேஜ், தண்டவாளங்களுக்கு நடுவே 1,000 மில்லிமீட்டர் இடைவெளி. இப்போதைய அகலப் பாதை 1,676 மில்லிமீட்டர். இரண்டேகால் அடிக்குக் கொஞ்சம் குறைவான வித்தியாசம். ரயிலின் எடையும் அதிகம். ஆகவே பழைய மேட்டை அகலப்படுத்தி, பாலங்களைப் புதிதாகக் கட்டித்தான் ஆக வேண்டும். செலவு பெரியது. அதனால்தான் "ரயில் விட்டால் நல்லது" என்று பொதுவாகக் கேட்பதைவிட, எத்தனை டன் நெல், எத்தனை பக்தர்கள், எத்தனை மாணவர்கள் என்று கணக்கோடு கேட்பது பலன் தரும்.

உங்கள் ஊரில் பழைய தடம் இருக்கிறதா?

தமிழ்நாட்டில் மூடிப்போன பாதைகள் இன்னும் உண்டு. பழைய ரயில் தடத்தை ஒட்டி நிலம் வைத்திருப்பவர்களும், வாங்க நினைப்பவர்களும் கவனிக்க வேண்டியவை இவை.

ரயில் நின்றுவிட்டது என்பதால் அந்த நிலம் பழைய சொந்தக்காரருக்குத் தானாகத் திரும்பிவிடாது. அக்காலத்து நில எடுப்புச் சட்டப்படி எடுத்த நிலம், வில்லங்கம் ஏதும் இல்லாமல் அரசுக்குச் சேர்ந்துவிட்டது. தண்டவாளத்தைப் பெயர்த்து எடுத்தாலும் உரிமை போவதில்லை.

வாங்கும் முன் வில்லங்கச் சான்று மட்டும் பார்த்தால் போதாது. அதில் பதிவான பத்திரங்கள்தான் தெரியும், அரசு நிலம் என்பது தெரியாமல் போகலாம். சிட்டாவோடு அ-பதிவேட்டையும் புல வரைபடத்தையும் சேர்த்துப் பாருங்கள். இணையத்திலோ இ-சேவை மையத்திலோ எடுக்கலாம், கிராம நிர்வாக அலுவலரிடமும் கேட்கலாம். வரைபடத்தில் பல சர்வே எண்களை நேராக வெட்டிக்கொண்டு ஒரே அகலத்தில் ஒரு பட்டை ஓடினால், அங்கே உஷாராக வேண்டும்.

வயலின் ஓரத்தில் ரயில் மேடு இருந்தால், அதன் கீழே உள்ள பாலங்களை மறக்காதீர்கள். அவை ரயிலுக்காக மட்டும் கட்டியவை அல்ல, மழை வெள்ளம் ஒரு பக்கத்திலிருந்து மறு பக்கம் வடிவதற்குக் கட்டியவை. ரயில் ஓடியவரை அவற்றைச் சுத்தம் செய்ய ஆள் இருந்தது. இப்போது இல்லை. கண் அடைத்துக்கொண்டால் மேடு ஓர் அணை மாதிரி நின்று, ஐப்பசி, கார்த்திகை மழையில் சம்பாப் பயிரை முழுகடித்துவிடும். புரட்டாசிக்குள் பக்கத்து நிலக்காரர்கள் சேர்ந்து பார்த்து, அடைப்பு இருந்தால் ஊராட்சிக்கும் நீர்வளத்துறைக்கும் எழுதிக் கொடுத்துவிடுவது நல்லது.

கடைசியாக, கிராம சபை. ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய நாட்களில் கூடும் கிராம சபையில், பழைய ரயில் தடத்தை அளந்து கல் நட வேண்டும் என்றும், பழைய நிலையக் கட்டடத்தை இடியாமல் காக்க வேண்டும் என்றும் தீர்மானம் போடலாம். ஓர் ஊர் மட்டும் போட்டால் காகிதம். மன்னம்பந்தல் முதல் தரங்கம்பாடி வரை எல்லா ஊர்களும் போட்டால் அது கோரிக்கை.

தரங்கம்பாடியில்

தரங்கம்பாடிக்கு வருபவர்கள் நுழைவாயில் வழியாக உள்ளே போய், கோட்டையைப் பார்த்து, அலைக்கு முன்னால் நின்று போட்டோ எடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். டேனிஷ்காரர்கள் கட்டியதைப் பழுதுபார்த்து, அருங்காட்சியகம் வைத்து, பலகை எழுதி வைத்திருக்கிறோம். செய்யவேண்டிய வேலைதான். 2004 சுனாமியில் அடிபட்ட ஊர் எழுந்து நிற்பதற்கு அதுவும் உதவியது.

அதே ஊரில் ரயிலடியும் இருந்தது. தஞ்சாவூர் ஜில்லாவின் நிலத்துக்காரர்கள் ரூபாய்க்கு 3 தம்பிடியாகக் கொடுத்துத் தொடங்கிவைத்த ரயில்வேயின் கடைசி நிறுத்தம் அது. அதற்கு மேலே தண்டவாளம் இல்லை, கடல்தான். அந்த இடத்தில் ஒரு பலகைகூடத் தேவையில்லை, சுவரைக் காப்பாற்றினால் போதும். போகிறவர்கள் கோட்டைக்கு ஒதுக்கும் நேரத்தில் கால் மணி நேரம் எடுத்து, உள்ளூர் பெரியவர் ஒருவரிடம் ரயிலடிக்கு வழி கேளுங்கள். வழியோடு கதையும் சொல்வார். கூடப் பிள்ளைகள் இருந்தால் அவர்களும் கேட்கட்டும். ரயிலில் ஏறியவர்கள் சொல்லக் கேட்கும் வாய்ப்பு அடுத்த தலைமுறைக்குக் கிடைக்காது.